சராசரி மழையும் 452-ஆம் எண் பாலமும்

இன்னைக்கு எபிசோடை ஒரு ரயில் பாலத்துல இருந்து தொடங்கலாம்.

2024 டிசம்பர் 2, காலை. விக்கிரவாண்டிக்கும் முண்டியம்பாக்கத்துக்கும் நடுவுல இருக்கிற 452-ஆம் எண் பாலத்துல வெள்ளம் அபாய அளவைத் தாண்டிடுச்சு. அந்தத் தடத்துல ரயில் போக்குவரத்தை நிறுத்திட்டாங்க. காரணம், ஃபெஞ்சல் புயல். பக்கத்துல மயிலத்துல மட்டும் 24 மணி நேரத்துல சுமார் 51 செ.மீ. மழை.

இது எவ்வளவு பெரிய மழை? விழுப்புரம் மாவட்டத்துல வருஷம் முழுக்கப் பெய்யறதே சராசரியா 100 செ.மீ. சுமாருக்குத்தான். அதை 365-ஆல் வகுத்தா, ஒரு நாளைக்கு 3 மில்லிமீட்டர் கூட வராது. ‘தினமும் லேசா தூறுற ஊரு’ன்னு அந்த எண் சொல்லுது. அங்க இருக்கிறவங்ககிட்ட சொன்னா சிரிப்பாங்க!

இப்போ அந்த 365 நாளையும் மழை அளவுப்படி வரிசையா நிக்க வைங்க. நட்டநடுவுல நிக்கிற 183-வது நாளோட அளவுதான் இடைநிலை, அதாவது மீடியன். அது பூஜ்யம். ஏன்னா பாதிக்கு மேற்பட்ட நாட்கள்ல மழையே கிடையாது.

இதை வரைபடமா போட்டா, பூஜ்யத்துக்கிட்ட ஒரு பெரிய குவியல். வலது பக்கம் மெலிஞ்சு நீண்டுக்கிட்டே போற ஒரு வால். இதுதான் வலப்பக்கக் கோட்டம். பள்ளிக்கூடத்துல படிச்ச மணி வடிவ வளைவுல சராசரியும் இடைநிலையும் ஒரே இடத்துல இருக்கும். இங்க வால் சராசரியைத் தன் பக்கம் இழுத்துடுது.

பாலத்தை உடைக்கிறது சராசரி நாள் இல்ல, அந்த வால்ல இருக்கிற ஒரு நாள். அதனால பொறியாளர்கள் ஒவ்வொரு வருஷத்துலயும் மிக அதிகமா மழை பெஞ்ச ஒரே ஒரு நாளை எடுத்து, அந்த எண்கள் எப்படிப் பரவியிருக்குன்னு தனியா பார்ப்பாங்க. ‘நூறு வருஷ வெள்ளம்’ங்கிற பேச்சு அங்கிருந்துதான் வருது. அதுக்கு நூறு வருஷத்துக்கு ஒரு தடவைதான் வரும்னு அர்த்தம் இல்ல. எந்த வருஷத்துலயும் வர 1% வாய்ப்பு இருக்குன்னு அர்த்தம். ஒரு வீட்டுல 30 வருஷம் குடியிருந்தா, ஒரு தடவையாவது அதைப் பார்க்கிற வாய்ப்பு சுமார் 26%. அதாவது நாலுல ஒண்ணு.

‘இப்பதானே வந்துச்சு, இனி நம்ம காலத்துல வராது’ன்னு யாராவது சொன்னா இந்தக் கணக்கைச் சொல்லுங்க. மழையோ சம்பளமோ, யாராவது சராசரியை மட்டும் நீட்டினா, வால் எந்தப் பக்கம், எவ்வளவு நீளம்னு கேளுங்க.