கைமாறிய கலம்: பியெமோந்தேஸ் போர்க்கப்பலின் பணி வரலாறு (1804–1813)

பாய்மரப் போர்க்கப்பல்களின் காலத்தில், ஒரு கலம் தன்னைக் கட்டிய நாட்டுக்கே இறுதிவரை உழைக்கும் என்னும் உறுதி இருந்ததில்லை. போரில் பிடிபட்ட கப்பல், நீதிமன்றத் தீர்ப்பின் வழி வென்றவரின் உடைமையாகிச் செப்பனிடப்பட்டு, முன்னாள் உரிமையாளருக்கு எதிராகவே அனுப்பப்படுவது வழக்கமாக இருந்தது. புதிய கப்பல் கட்டுவதைவிட இது விரைவானது, செலவும் குறைவு. இவ்வாறு கைமாறிய கலங்களுள், குமரிமுனையையும் பினாங்கையும் தன் பயணத்தால் இணைத்த ஒன்றை இங்கு எடுத்துக்கொள்கிறோம்.

பியெமோந்தேஸ் பிரான்சின் சேன் மாலோ துறைமுகத்தில் 1804ஆம் ஆண்டு நீரில் இறக்கப்பட்டது. அது 40 பீரங்கி வகுப்பைச் சேர்ந்த ஃபிரிகேட். அதாவது, பெரும்போரில் அணிவகுத்து நிற்பதற்கன்றி விரைந்து சென்று தாக்குவதற்குரிய கலம். அன்று பிரெஞ்சுத் தீவு என வழங்கிய மொரீசியசைத் தளமாகக் கொண்டு, எப்ரோன் என்னும் தளபதியின்கீழ் இந்தியப் பெருங்கடலில் வணிகக் கப்பல்களை வேட்டையாடியது. 1806 சூன் மாதத்தில் கிழக்கிந்தியக் கும்பினியின் வாரன் ஹேஸ்டிங்ஸ் கப்பலைப் பிடித்தது அதன் பெரிய வெற்றி. ஆனால் சரணடைந்த கப்பலின் தலைவரைப் பியெமோந்தேசின் துணை அதிகாரி மொரோ குத்திக் காயப்படுத்தியதால், அவ்வெற்றியோடு ஓர் இழுக்கும் சேர்ந்தே பேசப்பட்டது.

1808 மார்ச்சு 6ஆம் நாள், மூன்று கும்பினிக் கப்பல்களைக் குறிவைத்துக் குமரிமுனைக் கடலில் நின்ற பியெமோந்தேசை, காலியிலிருந்து புறப்பட்டிருந்த சான் ஃபியோரென்சோ என்னும் பிரிட்டிஷ் ஃபிரிகேட் கண்டது. இந்த எதிரியின் கதையும் கைமாறிய கதையே. 1782இல் தூலோனில் மினெர்வ் என்னும் பெயரில் பிறந்த பிரெஞ்சுக் கப்பல் அது. 1794இல் கோர்சிகாவின் சான் ஃபியோரென்சோ விரிகுடாவில் மூழ்கிக் கிடந்ததை மீட்டெடுத்த பிரிட்டிஷார், மீட்ட இடத்தின் பெயரையே அதற்கு இட்டனர். ஆக, குமரிக்கடலில் மோதியவை இரண்டும் பிரெஞ்சுத் தச்சர்கள் செய்த கலங்களே.

போர் மூன்று நாள் விட்டுவிட்டு நடந்தது. முதலில் சான் ஃபியோரென்சோவின் பாய்களும் கயிறுகளும் சிதைந்தன. அதைச் செப்பனிடுவதற்குள் பியெமோந்தேஸ் விலகிச் சென்றது. மீண்டும் துரத்திப் பிடித்து நிகழ்த்திய 8ஆம் நாள் போரில் தளபதி ஜார்ஜ் நிக்கோலஸ் ஹார்டிஞ்சு கொல்லப்பட்டார். துணை அதிகாரி டாசன் போரை முடித்துவைத்தார். பிரிட்டிஷ் தரப்பில் 13 பேரும், பிரெஞ்சுக் கப்பலில் 48 பேரும் மாண்டனர். சரணடைந்த பின்னர்ப் பியெமோந்தேசின் மூன்று பாய்மரங்களும் ஒடிந்து வீழ்ந்தன. மரமிழந்த அக்கலத்தைக் கொழும்புக்குக் கொண்டுசேர்த்தனர்.

டாசனின் அறிக்கையில் ஒரு செய்தி நம் கவனத்துக்கு உரியது. கப்பலில் பிரெஞ்சுக்காரர் 366 பேர். அவர்களைத் தவிரப் பாய்களை இயக்குவதற்கு ஏறத்தாழ 200 லஸ்கர்கள். கடற்போரில் வெற்றியைத் தீர்மானிப்பது பீரங்கி மட்டுமன்று. உரிய கணத்தில் கலத்தைத் திருப்பும் பாய்வேலையும் ஆகும். பகைவரின் பாய்மரத்தைக் குறிபார்த்துச் சுடும் வழக்கம் இருந்த போரில், உயரத்துக் கட்டைகளில் கயிறு பிடித்து நின்றோர் எந்த மறைப்பும் அற்றவர்கள். அந்த வேலையைச் செய்தவர்கள் ஆசிய மாலுமிகள். பிடிபட்ட வணிகக் கப்பல்களிலிருந்தே இவர்களுட் பலர் வந்திருத்தல் வேண்டும் என்று கருத இடமுண்டு. அவ்வாறாயின், இவர்கள் அப்போருக்கு முன்பே ஒருமுறை கைமாறியவர்கள்.

இவர்களைத் தமிழர் என்று உரிமை கொண்டாடும் ஆசையை நாம் அடக்கிக்கொள்ள வேண்டும். படையைக் குறிக்கும் பாரசீகச் சொல்லிலிருந்து பிறந்த ‘லஸ்கர்’ என்னும் பெயர், வங்காளத்திலிருந்து மலபார் வரை பல கரைகளின் மாலுமிகளையும் ஒருங்கே சுட்டியது. (தமிழ்நாட்டில் மதகு திறப்பவரை லஸ்கர் என்றழைப்பதும் இச்சொல்லின் மிச்சமே.) ஹார்டிஞ்சுக்கு இலண்டன் தூய பவுல் பேராலயத்தில் நினைவுச்சின்னம் உண்டு. பாய் இழுத்த இருநூற்றுவருக்கு அறிக்கையில் கிடைத்தது ஓர் எண்ணே. அதுவும் ‘ஏறத்தாழ’ என்னும் அடையோடு. கப்பல் வரலாற்றை வகுப்பில் கற்பிக்கும்போது, தளபதிகளின் பெயர்ப்பட்டியலோடு இந்த ‘ஏறத்தாழ’வையும் மாணவர்க்குக் காட்டுதல் தகும்.

பெயர் பெரிதும் மாறாமலே பிரிட்டிஷ் கடற்படையில் சேர்ந்த பியெமோந்தேஸ், 1810 மே மாதத்தில் ஃபூட் என்னும் தளபதியின்கீழ்ச் சென்னையிலிருந்து புறப்பட்டது. கோல் தலைமையிலான கரோலைன், பரக்கூட்டா ஆகியவற்றோடு, சென்னை ஐரோப்பியப் படைப்பிரிவினர் நூறு பேரளவில் உடன் சென்றனர். பினாங்கில் பீரங்கிப் படையினரையும் கோட்டையேறும் ஏணிகளையும் ஏற்றிக்கொண்டு, சாதிக்காய்க்குப் பேர்போன பண்டா தீவுகளை அடைந்தனர். ஆகஸ்டு 9ஆம் நாள் இரவு, புயல் மழையில் படகுகள் சிதற, கரையேறிய இருநூறுக்கும் குறைவானோர் அவ்வேணிகளைக்கொண்டே பெல்ஜிக்காக் கோட்டையைப் பிடித்தனர். பிரான்சுக்காகக் கட்டப்பட்ட கலம், பிரான்சின் பிடியிலிருந்த டச்சுக்காரரின் தீவைப் பிரிட்டனுக்கு வென்று தந்தது.

அதன்பின் அக்கலம் நெடுநாள் வாழவில்லை. 1813 சனவரியில் இங்கிலாந்தின் வுல்விச்சுத் தளத்தில் உடைக்கப்பட்டது. அதனை வென்ற சான் ஃபியோரென்சோ, படையேற்றும் கப்பலாகவும் பின்னர் மாலுமிகளைத் தங்கவைக்கும் கலமாகவும் இருந்து, 1837வரை தாக்குப்பிடித்தது.