கேம் எங்கிருந்து வருகிறது?

ஏப்ரல் கடைசியில் தேர்வு முடிந்ததும், திண்டுக்கல்லில் என் சர்வீஸ் கடைக்கு வரும் லேப்டாப்களில் பாதிக்குப் பழுதே இருக்காது. "அக்கா, கேம் ஏத்தணும்" என்று பிள்ளைகள் தூக்கிக்கொண்டு வருபவை அவை. கூடவே வரும் அப்பாவோ அம்மாவோ, "இதெல்லாம் ஏத்துனா கம்ப்யூட்டர் கெட்டுப் போயிருமாம்மா?" என்று தயங்கித் தயங்கிக் கேட்பார்கள். கேம் ஏற்றியதாலேயே ஒரு கம்ப்யூட்டர் கெட்டுப்போகாது. அதை எங்கிருந்து எடுத்தோம், ஏற்றும்போது எதற்கெல்லாம் அனுமதி கொடுத்தோம் என்பதைத்தான் கவனிக்க வேண்டும். கடையில் கூட்டம் நிற்கும்போது இதைப் பாதிதான் சொல்ல முடிகிறது. மீதியையும் சேர்த்து இங்கே எழுதுகிறேன்.

முதலில் நம் கம்ப்யூட்டர் எந்த அளவுக்குத் தாங்கும் என்று பார்த்துவிட வேண்டும். விண்டோஸ் விசையையும் ஆர் விசையையும் சேர்த்து அழுத்தினால் ஒரு சிறிய பெட்டி திறக்கும். அதில் டி, எக்ஸ், டி, ஐ, ஏ, ஜி என்ற ஆறு ஆங்கில எழுத்துகளை அடித்து என்டர் தட்டுங்கள். என்ன பிராசஸர், எவ்வளவு ரேம், எந்த கிராஃபிக்ஸ் கார்டு என்று எல்லாமே வந்துவிடும். கேம் விற்கும் இடத்தில் இரண்டு பட்டியல் போட்டிருப்பார்கள்: குறைந்தபட்சம் வேண்டியது, பரிந்துரைப்பது. குறைந்தபட்சம் இருந்தால் கேம் திறக்கும், படத்தின் தரத்தைக் குறைத்துக்கொண்டு ஆடலாம், அவ்வளவுதான். நிம்மதியாக ஆட வேண்டுமென்றால் இரண்டாவது பட்டியலைத்தான் பார்க்க வேண்டும்.

இடமும் கணக்கில் வரும். 'ரெட் டெட் ரிடெம்ப்ஷன் 2' கேமுக்கு 150 ஜிபி வேண்டும். 2023-இல் வந்த 'ஸ்டார்ஃபீல்டு' 125 ஜிபி கேட்கிறது. அதுவும் எஸ்எஸ்டியில்தான் போட வேண்டும், பழைய ஹார்டு டிஸ்க் போதாது என்று தயாரித்தவர்களே எழுதியிருக்கிறார்கள். 150 ஜிபியை இறக்க, 100 எம்பிபிஎஸ் ஃபைபர் இணைப்பு முழு வேகத்தில் ஓடினாலும் மூன்றேகால் மணி நேரத்துக்கு மேல் ஆகும். நாளைக்கு 1.5 ஜிபி தரும் மொபைல் ரீசார்ஜை நம்பினால் 100 நாள். லேப்டாப் வாங்கும் முன்பே இந்தக் கணக்கைப் போட்டுப் பார்க்கும் பெற்றோர் மிகக் குறைவு.

சரி, இறக்கியாயிற்று. 'இன்ஸ்டால்' பொத்தானை அழுத்தியதும் உள்ளே என்ன நடக்கிறது? சுருக்கி அடைத்த ஆயிரக்கணக்கான கோப்புகள் ஒரு ஃபோல்டருக்குள் விரிகின்றன. கேம் எங்கே இருக்கிறது, என்ன பதிப்பு, எப்படி நீக்குவது என்ற விவரங்கள் விண்டோஸின் பதிவேடான ரெஜிஸ்ட்ரியில் பதிவாகின்றன. இணையத்தில் ஆடும் கேம் என்றால் ஃபயர்வாலில் வழி கேட்கும். அதன்பின் 'விஷுவல் சி++', 'டைரக்ட்எக்ஸ்' என்று ஓரிரு சின்னப் பெட்டிகள் வந்து போகும். பையன்கள் பொறுமையிழந்து இவற்றை கேன்சல் செய்துவிடுகிறார்கள். பிறகு கேமைத் திறந்தால் 'எம்எஸ்விசிபி140 டிஎல்எல் காணவில்லை' என்று நிற்கும்.

இந்த டிஎல்எல் விஷயத்தைக் கொஞ்சம் விளக்க வேண்டும். கேம் எழுதுபவர்கள் எல்லாவற்றையும் தாங்களே எழுதுவதில்லை. பல புரோகிராம்களுக்குப் பொதுவான வேலைகளைச் செய்யும் நூலகக் கோப்புகளை மைக்ரோசாஃப்ட் தருகிறது. கேம் அவற்றைக் கூப்பிட்டு வேலை வாங்குகிறது. கூப்பிட்ட இடத்தில் ஆள் இல்லையென்றால் அந்தப் பிழைச் செய்தி. உடனே கூகுளில் அந்தக் கோப்பின் பெயரைத் தேடி, ஏதோ ஒரு தளத்திலிருந்து ஒற்றைக் கோப்பாக இறக்கி, கேம் ஃபோல்டரில் போடுகிறார்கள். அது யார் வைத்த கோப்பு என்று யாருக்குத் தெரியும்? மைக்ரோசாஃப்டின் சொந்தத் தளத்திலேயே 'விஷுவல் சி++ ரீடிஸ்ட்ரிபியூட்டபிள்' இலவசமாகக் கிடைக்கிறது. 64 பிட், 32 பிட் இரண்டையும் போட்டால் பெரும்பாலும் தீர்ந்துவிடும்.

நண்பனின் கம்ப்யூட்டரிலிருந்து கேம் ஃபோல்டரைப் பென் டிரைவில் அப்படியே அள்ளிக்கொண்டு வந்தால் சில கேம்கள் ஓடுவதும் சில ஓடாததும் இதனால்தான். ஃபோல்டர் மட்டும் வந்திருக்கும். ரெஜிஸ்ட்ரிப் பதிவும் நூலகக் கோப்புகளும் நண்பனின் வீட்டிலேயே இருக்கும்.

இந்த ஏற்பாடெல்லாம் ஏன் வந்தது என்று தெரிந்தால் அதன்மீது எரிச்சல் வராது. கட்டளைகளை அடித்து இயக்கிய டாஸ் காலத்தில் கேம் ஏற்றுவதே ஒரு படிப்பு. 1993 டிசம்பரில் வந்த 'டூம்' கேமை ஏற்றினால், உன்னிடம் இருப்பது என்ன சவுண்டு கார்டு, அது எந்த போர்ட்டில் இருக்கிறது, அதன் ஐஆர்க்யூ எண் 5-ஆ 7-ஆ என்று ஆடுபவரையே கேட்கும். தப்பான எண்ணைக் கொடுத்தால் சத்தம் வராது, சில சமயம் கம்ப்யூட்டரே உறைந்துவிடும். 640 கேபி நினைவகத்துக்குள் இடம் பிடிக்க இரண்டு கோப்புகளைத் திறந்து வரி வரியாகத் திருத்துவார்கள். 1994 கிறிஸ்துமஸுக்கு டிஸ்னி, விண்டோஸுக்காக 'லயன் கிங்' கதை சிடி ஒன்றை வெளியிட்டது. 'விங்-ஜி' என்ற மைக்ரோசாஃப்ட் நூலகத்தை நம்பி எழுதியது அது. காம்பாக் பிரசாரியோ கம்ப்யூட்டர்களில் இருந்த வீடியோ டிரைவரோடு அது ஒத்துப்போகவில்லை. பண்டிகைக் காலையில் பிள்ளைகள் சிடியைப் போட, கம்ப்யூட்டர் முடங்கியது. பெற்றோர் விடாமல் போன் அடித்தார்கள். விண்டோஸில் கேம் எழுதவே வேண்டாம் என்று பல நிறுவனங்கள் ஒதுங்கியிருந்த நேரம் வேறு.

அந்த நேரத்தில்தான் அலெக்ஸ் செயின்ட் ஜான், கிரெய்க் ஐஸ்லர், எரிக் எங்ஸ்ட்ராம் என்ற மூன்று மைக்ரோசாஃப்ட் ஊழியர்கள் டைரக்ட்எக்ஸை உருவாக்கினார்கள். 1995 ஆகஸ்டில் விண்டோஸ் 95 வந்தது, செப்டம்பரில் டைரக்ட்எக்ஸின் முதல் பதிப்பு. எந்த வீடியோ கார்டு, எந்த சவுண்டு கார்டு என்று கேம் இனிக் கவலைப்பட வேண்டாம், டைரக்ட்எக்ஸிடம் சொன்னால் போதும், மிச்சத்தை டிரைவர் பார்த்துக்கொள்ளும். அதே விண்டோஸ் 95-தான் சிடியைப் போட்டதுமே தானாகத் திரை திறக்கும் வசதியையும் கொண்டுவந்தது. 2000-களில் எங்கள் ஊர் பிரவுசிங் சென்டரில் நான் வேலை கற்றுக்கொண்டபோது 'ஐஜிஐ', 'வைஸ் சிட்டி' கேம்களை எந்தப் படிப்பும் இல்லாமல் பள்ளிப் பிள்ளைகளே ஏற்றி ஆடியதைப் பார்த்திருக்கிறேன். அந்த மூவர் செய்த வேலைக்கு அவர்களுக்குப் போதுமான பெயர் கிடைக்கவில்லை என்றே எனக்குத் தோன்றும்.

ஆனால் அந்தக் கால சிடிகளில் பெரும்பாலானவை அசல் இல்லை. சென்னை பர்மா பஜாரிலிருந்து வந்த நகல்கள். அந்தப் பழக்கம் இன்று, பூட்டை உடைத்த 'கிராக்' கேமாகத் தொடர்கிறது. இங்கே நான் கொஞ்சம் கடுமையாகவே பேச வேண்டியிருக்கிறது.

விண்டோஸில் ஒரு புரோகிராமை ஏற்றும்போது திரை மங்கி, 'இந்த ஆப் உங்கள் கணினியில் மாற்றங்கள் செய்ய அனுமதிக்கிறீர்களா?' என்று ஒரு பெட்டி வரும். விண்டோஸ் விஸ்டா காலத்தில் வந்த பாதுகாப்பு இது. அதில் எல்லோரும் 'யெஸ்' பொத்தானை மட்டும் பார்க்கிறார்கள். அதற்கு மேலே ஒரு வரி இருக்கிறது: வெளியிட்டவர் யார். முறையான நிறுவனம் கையெழுத்திட்ட கோப்பு என்றால் அதன் பெயர் இருக்கும், பெட்டியின் மேல்பட்டை நீலமாக இருக்கும். யாரென்று தெரியாத கோப்பென்றால் 'அன்நோன்' என்று இருக்கும், பட்டை மஞ்சளாக மாறும். மஞ்சள் என்றாலே திருட்டு என்று அர்த்தமில்லை, தனி ஆளாக கேம் எழுதும் நல்லவர்கள் சிலரும் கையெழுத்து வாங்கியிருக்க மாட்டார்கள். ஆனால் மஞ்சள் வந்தால் கை நிற்க வேண்டும். அந்த இடத்தில் 'யெஸ்' கொடுப்பது பீரோ சாவியைக் கையில் கொடுப்பதுதான். அதன் பிறகு அந்தப் புரோகிராம் எதை வேண்டுமானாலும் எடுக்கலாம், எதை வேண்டுமானாலும் வைக்கலாம்.

கிராக் கேமோடு வரும் குறிப்பில் முதல் வரியே 'ஆன்டிவைரஸை ஆஃப் செய்யவும்' என்று இருக்கும். பிள்ளைகள் அதையும் செய்கிறார்கள். 2021 ஜூனில் அவாஸ்ட் நிறுவனம் 'கிராக்கனோஷ்' என்ற வைரஸைப் பற்றி வெளியிட்டது. 'ஜிடிஏ 5', 'சிம்ஸ் 4' போன்ற கேம்களின் கிராக் பிரதிகளுக்குள் ஒளிந்து, 2,22,000-க்கும் மேற்பட்ட கம்ப்யூட்டர்களுக்குள் போயிருந்தது. அது கம்ப்யூட்டரை சேஃப் மோடில் மறுபடி இயக்கும், அங்கே ஆன்டிவைரஸ் விழித்திருக்காது, அந்த நேரத்தில் அதை நீக்கிவிடும். பிறகு ராப்பகலாக மொனேரோ என்ற கிரிப்டோ நாணயத்தைத் தோண்டும். அப்படி 20 லட்சம் டாலருக்கு மேல் சம்பாதித்துவிட்டார்கள். அதற்குக் கரண்ட் பில் கட்டியது கேம் ஏற்றியவர்களின் குடும்பங்கள். "லேப்டாப் சும்மா இருக்கும்போதும் ஃபேன் கத்துது அக்கா" என்று யாராவது வந்தால் நான் முதலில் இதைத்தான் சந்தேகப்படுவேன்.

முறையாக வாங்குவது அவ்வளவு செலவா? அப்படி இல்லை. 2003-இல் வால்வ் நிறுவனம் தொடங்கிய ஸ்டீம் என்ற இணையக் கடையில் ரூபாயிலேயே விலை போட்டிருக்கிறது, யுபிஐயில் கட்டலாம், தள்ளுபடிக் காலத்தில் பழைய கேம்கள் மிகக் குறைந்த விலைக்கு வரும். வாங்கிய 14 நாளுக்குள், இரண்டு மணி நேரத்துக்கும் குறைவாக ஆடியிருந்தால் பணத்தைத் திரும்பக் கேட்கலாம். ஆகவே வாங்கிய அன்றே ஏற்றி, நம் மெஷினில் ஓடுகிறதா என்று பார்த்துவிடுங்கள். எபிக் கடையில் வாரந்தோறும் ஏதாவது ஒரு கேம் இலவசமாகவே கிடைக்கும். போலந்துக்காரர்களின் ஜிஓஜி கடையில் வாங்கினால் இன்ஸ்டாலர் கோப்பையே இறக்கி வைத்துக்கொள்ளலாம், பிறகு இணையமே இல்லாமல் ஏற்றலாம். வீட்டில் இரண்டு கம்ப்யூட்டர் இருந்தால், ஒன்றில் இறக்கிய ஸ்டீம் கேமை வீட்டு வைஃபை வழியாகவே மற்றதற்கு மாற்றும் வசதி 2023-இல் வந்திருக்கிறது. டேட்டா மிச்சம்.

இலவச கேம்களிலும் ஒரு சிக்கல் உண்டு. 'வாலரன்ட்' இலவசம். ஆனால் ஏமாற்று வேலையைத் தடுக்க 'வேன்கார்டு' என்ற காவல் புரோகிராமும் கூடவே ஏறும். அது விண்டோஸின் அடியாழத்தில், கம்ப்யூட்டர் ஆன் ஆகும்போதே இயங்கத் தொடங்கிவிடும். விண்டோஸ் 11-இல் டிபிஎம் 2.0, செக்யூர் பூட் என்ற இரண்டு பாதுகாப்பு வசதிகளும் இயங்கினால்தான் கேம் திறக்கும். யூடியூபைப் பார்த்து பையன்கள் கம்ப்யூட்டரின் அடிப்படை அமைப்பான பயாஸுக்குள் போய் இவற்றை மாற்றுகிறார்கள். அப்போது டிஸ்கைப் பூட்டி வைத்திருக்கும் பிட்லாக்கர் விழித்துக்கொண்டு 48 இலக்க மீட்பு எண்ணைக் கேட்கும். வீட்டில் அந்த எண் யாரிடமும் இருக்காது, அப்பாவின் ஜிஎஸ்டி கணக்கு முழுக்க அந்த லேப்டாப்பில் இருக்கும். என் கடைக்கு இப்படி அழாத குறையாக வந்தவர்கள் உண்டு. பயாஸைத் தொடும் முன், உங்கள் மைக்ரோசாஃப்ட் கணக்கில் நுழைந்து அந்த எண்ணை ஒரு தாளில் எழுதி வைத்துக்கொள்ளுங்கள்.

புது லேப்டாப்பில் எந்த இன்ஸ்டாலரும் ஓடவில்லையென்றால் விண்டோஸ் 'எஸ் மோடு' நிலையில் இருக்கிறதா என்று பாருங்கள். அந்த நிலையில் மைக்ரோசாஃப்ட் ஸ்டோர் ஆப்கள் மட்டும்தான் ஏறும். செட்டிங்ஸில் ஆக்டிவேஷன் பக்கத்துக்குப் போய் இலவசமாகவே வெளியேறலாம், ஆனால் திரும்ப அந்த நிலைக்குப் போக முடியாது. கேமுக்காகவே தனி கிராஃபிக்ஸ் கார்டு வாங்கிப் போட்டும் கேம் திக்கினால், மானிட்டர் கேபிள் எந்த ஓட்டையில் செருகியிருக்கிறது என்று பாருங்கள். மதர்போர்டில் செருகிவிட்டு கார்டைக் குறை சொல்பவர்கள் நிறைய.

பழைய அசல் சிடிகளைப் பத்திரமாக வைத்திருக்கும் அப்பாக்களுக்கு ஒரு வார்த்தை. அவை விண்டோஸ் 10, 11-இல் ஓடாததற்கு சிடி கெட்டுப்போனது காரணமாக இருக்க வேண்டியதில்லை. நகல் எடுப்பதைத் தடுக்க அன்று போட்ட 'சேஃப்டிஸ்க்' பூட்டில் பாதுகாப்பு ஓட்டை இருந்ததால், 2015-இல் மைக்ரோசாஃப்ட் அதன் டிரைவருக்கு இடம் கொடுப்பதை நிறுத்தியது. இன்னும் பழைய சிடிகளில் இன்ஸ்டாலரே 16 பிட்டில் எழுதியது, 64 பிட் விண்டோஸ் அதைத் திறக்காது. டாஸ் கேம் என்றால் 'டாஸ்பாக்ஸ்' என்ற இலவசப் புரோகிராமுக்குள் ஓடும்.

கடைசியாக, லேப்டாப்பை ஃபார்மட் அடிக்கக் கொடுக்கும் முன் பிள்ளையிடம் கேட்டுவிடுங்கள். எத்தனையோ மாதம் ஆடிச் சேர்த்த சேவ் கோப்பு பெரும்பாலும் கேம் ஃபோல்டரில் இருக்காது. டாக்குமென்ட்ஸிலோ, ஆப்டேட்டா என்ற மறைந்த ஃபோல்டரிலோ, 'சேவ்டு கேம்ஸ்' ஃபோல்டரிலோ இருக்கும். வேறொரு கடையில் கேட்காமல் ஃபார்மட் அடித்ததால் அது போய்விட்ட ஒன்பதாம் வகுப்புப் பையன் என் கடையில் வந்து நின்றான். மீட்டுத் தர என்னால் முடியவில்லை. அன்றிலிருந்து பில் புத்தகத்தில் 'கேம் சேவ் எடுக்கணுமா?' என்று ஒரு வரியைச் சேர்த்து, ஃபார்மட் அடிக்கும் முன் அதற்கு டிக் வாங்கிக்கொள்கிறேன்.