ஊதியம் பெறா ஆட்டக்காரர்

இங்கிலாந்தும் ஸ்காட்லாந்தும் மோதிய இரண்டாவது பன்னாட்டு ரக்பிப் போட்டி, 1872ஆம் ஆண்டு இலண்டன் ஓவல் திடலில் நடைபெற்றது. அந்நாளில் ஓர் அணிக்கு இருபது பேர். ஸ்காட்லாந்து அணியின் இருபதின்மருள் ஒருவர், எடின்பரோ நகரைச் சேர்ந்த பதினேழு வயது இளைஞர் லெஸ்லி பால்ஃபர். ஏறத்தாழ உங்கள் வயதுதான். அப்போட்டியில் அவரது அணி தோற்றது.

பின்னாளில் பால்ஃபர்-மெல்வில் என்று பெயர் நீண்ட இவர், ஓர் ஆட்டத்தோடு நின்றவரல்லர். 1879இல் ஸ்காட்லாந்தின் டென்னிஸ் வாகையர் ஆனார். 1882இல் ஓவல் திடலில் இங்கிலாந்தை வீழ்த்திப் பெரும்புகழ் பெற்றது ஆஸ்திரேலியக் கிரிக்கெட் அணி. அதே பயணத்தில் அவ்வணியை ஸ்காட்லாந்து ஏழு விக்கெட் வேறுபாட்டில் வென்றது. பால்ஃபர் 73 ஓட்டங்கள் குவித்தார்.

1895இல் செயின்ட் ஆண்ட்ரூஸ் திடலில் நடந்த பயில்முறைக் கோல்ஃப் போட்டி இன்றும் சுவையோடு பேசப்படுவது. இருவர் மோதும் ஆட்டத்தில் பதினெட்டுக் குழிகளிலும் வெற்றி தோல்வி முடிவாகாவிடில், முதற்குழிக்கே திரும்பி ஆட்டத்தைத் தொடர்வர். அக்குழியின் முன்னே ஸ்வில்கன் என்னும் சிற்றோடை ஓடுகிறது. அவரது கடைசி மூன்று ஆட்டங்களும் இவ்வாறே பத்தொன்பதாம் குழிவரை நீண்டன. மூன்றிலும் எதிராளியின் பந்து அவ்வோடையில் விழுந்தது! இறுதி ஆட்டத்தில் அவ்வாறு தோற்றவர், அக்காலத்தின் தலைசிறந்த ஆட்டக்காரருள் ஒருவரான ஜான் பால். ஊழ் என்பதா, நெருக்கடியில் நடுங்காத மனம் என்பதா? இரண்டும் என்றே கொள்ளலாம்.

இவ்வாட்டங்கள் எதற்கும் அவர் கூலி பெறவில்லை. இத்தகையோரை ஆங்கிலத்தில் 'அமெச்சூர்' என்பர். 'அன்பு செலுத்துபவர்' எனப் பொருள்படும் இலத்தீன் சொல்லே அதன் வேர். சொல் இனியதுதான். எனினும் அன்பு மட்டும் போதுமானதாக இருந்ததா? பால்ஃபரின் தந்தை எடின்பரோவில் வழக்கறிஞர். குடும்பம் வசதி மிக்கது. ஒருநாள் ஆடினால் ஒருநாள் கூலியை இழக்கும் ஆலைத்தொழிலாளியின் நிலை வேறு. அவர் கோல்ஃப் கோப்பையை வென்ற அதே 1895இல், வட இங்கிலாந்தின் ரக்பிக் கழகங்கள் தாய்ச்சங்கத்தைவிட்டு வெளியேறித் தனிச்சங்கம் கண்டன. இழந்த கூலியை ஈடுசெய்ய வேண்டும் என்பதே அவற்றின் கோரிக்கை. ஸ்காட்லாந்து ரக்பிச் சங்கமோ ஆட்டத்திற்குப் பணம் தருவதை மிகக் கடுமையாக எதிர்த்துவந்தது. அச்சங்கத்தின் தலைவராகப் பணியாற்றியவர்களுள் பால்ஃபர்-மெல்வில்லும் ஒருவர்.

ஆட்டக்களத்தைப் போன்றே ஆட்சிக்களமும் அவரை விடவில்லை. 1906இல் செயின்ட் ஆண்ட்ரூஸின் புகழ்மிக்க கோல்ஃப் கழகம் அவரைத் தன் 'கேப்டன்' பொறுப்பில் அமர்த்தியது; பின்னர் ஸ்காட்லாந்துக் கிரிக்கெட் சங்கத்தின் தலைமையும் அவரைத் தேடிவந்தது. ஆட்டங்களுக்கு விதி வகுத்து, திடலைப் பேணி, போட்டிகளை நடத்திய அமைப்புகள் இவை. அவற்றின் உழைப்பு பார்வையாளர் கண்ணில் படுவதில்லை. ஆயினும் யார் ஆடலாம், எவ்வகையில் ஆடலாம் என்று முடிவுசெய்யும் அதிகாரமும் அங்கேதான் இருந்தது.

1937இல் அவர் மறைந்தார். இங்கிலாந்துக் கிரிக்கெட்டில் பயில்முறையாளர், கூலி ஆட்டக்காரர் என்னும் பாகுபாடு 1962இல் ஒழிந்தது. ரக்பிச் சங்க ஆட்டம் வெளிப்படையான ஊதியத்தை ஏற்க 1995வரை, பிளவு நேர்ந்து சரியாக நூறாண்டுகள், ஆயின. ஸ்காட்லாந்து விளையாட்டுப் புகழ்மன்றம் 2002இல் முதன்முதலாகச் சேர்த்துக்கொண்ட வீரர் வரிசையில் பால்ஃபர்-மெல்வில்லின் பெயரும் உண்டு.