சோமாலிய உள்நாட்டுப் போரும் புலம்பெயர்ந்தோர் பணமும்

சோமாலிய உள்நாட்டுப் போர் என்பது கிழக்கு ஆப்பிரிக்க நாடான சோமாலியாவில் 1980களில் அரசுக்கு எதிரான கிளர்ச்சியாகத் தொடங்கி, 1991இல் நடுவண் அரசின் வீழ்ச்சிக்கு வழிவகுத்து, வெவ்வேறு வடிவங்களில் இன்றும் தொடரும் போராகும். இப்போரால் பல இலட்சம் மக்கள் நாட்டைவிட்டு வெளியேறினர். அவர்கள் உறவினர்களுக்கு அனுப்பும் பணம், அரசும் வங்கியும் இல்லாத காலத்தில் நாட்டில் எஞ்சியிருந்தோரின் முதன்மையான வாழ்வாதாரமாக அமைந்தது. வெளிநாடுகள் சோமாலியாவில் படைகளைக் கொண்டு மட்டுமன்றி, இந்தப் பணவழியைக் கட்டுப்படுத்தும் சட்டங்களைக் கொண்டும் தலையிட்டுள்ளன.

போரின் பின்னணி

பிரித்தானியரின் ஆட்சியில் இருந்த வடபகுதியும் இத்தாலியின் பொறுப்பில் இருந்த தென்பகுதியும் 1960 சூலை 1 அன்று இணைந்து சோமாலியக் குடியரசாயின. 1969 அக்டோபரில் குடியரசுத் தலைவர் அப்திரசீத் அலி செர்மார்க்கே கொல்லப்பட்டதை அடுத்து, படைத்தளபதி சியாத் பாரே ஆட்சியைக் கைப்பற்றினார். சோவியத் ஒன்றியம் அவருக்கு ஆயுதங்களை வழங்கியது.

சோமாலியர் வாழும் எத்தியோப்பியப் பகுதியான ஒகாடனைக் கைப்பற்ற பாரே 1977இல் படையெடுத்தார். அப்போது சோவியத் ஒன்றியம் எத்தியோப்பியாவின் பக்கம் சாய்ந்தது. சோவியத் ஆயுதங்களுடனும் கியூபப் படைகளுடனும் எத்தியோப்பியா எதிர்த்தாக்குதல் நடத்த, 1978 மார்ச்சில் சோமாலியப் படை பின்வாங்கியது. அதன் பின்னர் பாரே அமெரிக்காவுடன் நெருங்கினார். 1980இல் பெர்பெரா துறைமுகத்தைப் பயன்படுத்தும் உரிமை அமெரிக்காவுக்கு வழங்கப்பட்டது. பனிப்போரின் இரு தரப்பும் அடுத்தடுத்து வழங்கிய ஆயுதங்கள் நாட்டில் குவிந்தன.

ஒகாடன் தோல்விக்குப் பின் பாரேயின் ஆட்சிக்கு எதிர்ப்பு வளர்ந்தது. வடபகுதியின் இசாக் குலத்தைச் சேர்ந்தோர் 1981இல் இலண்டனில் சோமாலியத் தேசிய இயக்கத்தைத் தொடங்கினர். வெளிநாடுகளில் பணியாற்றிய இசாக் குலத்தினரின் நன்கொடை அதன் முக்கிய வருவாயாக இருந்தது. 1988 மே மாதத்தில் இவ்வியக்கம் ஹர்கெய்சா, புராவோ நகரங்களைத் தாக்கியது. அதற்குப் பதிலடியாக அரசு, ஹர்கெய்சா வானூர்தி நிலையத்திலிருந்தே போர் வானூர்திகளை அனுப்பி அந்நகரைக் குண்டுவீசித் தகர்த்தது. இலட்சக்கணக்கானோர் எல்லையைக் கடந்து எத்தியோப்பியாவில் அகதிகளாயினர்.

1991 சனவரி 26 அன்று பாரே மொகாதிஷுவிலிருந்து தப்பியோடினார். வடபகுதி அதே ஆண்டு மே மாதம் சோமாலிலாந்து என்னும் பெயரில் தனிநாடாக அறிவித்துக்கொண்டது. தெற்கில், பாரேயை வீழ்த்திய அணியே பிளவுபட்டது. அலி மகதி முகமதுவின் படையும் முகமது பாரா ஐதீதின் படையும் தலைநகரைப் பங்குபோட்டுச் சண்டையிட்டன. விளைநிலங்கள் சூறையாடப்பட்டதால் 1992இல் கடும் பஞ்சம் ஏற்பட்டது.

புலம்பெயர்வு

சோமாலியரின் புலம்பெயர்வு போருக்கு முற்பட்டது. பிரித்தானியக் கப்பல்களில் வேலை செய்த சோமாலிய மாலுமிகள் 19ஆம் நூற்றாண்டின் இறுதியிலேயே கார்டிப் போன்ற துறைமுக நகரங்களில் குடியேறினர். 1970களில் எண்ணெய் வளத்தால் செழித்த வளைகுடா நாடுகளுக்குப் பலர் வேலைக்குச் சென்றனர். எனினும் குடும்பம் குடும்பமாக மக்கள் வெளியேறியது 1988க்குப் பின்னரே ஆகும்.

கென்யாவில் 1991இல் அமைக்கப்பட்ட தடாப் முகாம்களில் 2011ஆம் ஆண்டுப் பஞ்சத்தின்போது நான்கு இலட்சத்துக்கும் மேற்பட்டோர் இருந்தனர். அங்கேயே பிறந்து, அங்கேயே மணம்முடித்து, பிள்ளைகளையும் பெற்றவர்கள் உள்ளனர். முகாம்களிலிருந்து ஒரு பகுதியினர் பிரித்தானியா, அமெரிக்கா, கனடா, சுவீடன், நார்வே முதலிய நாடுகளுக்குச் சென்றனர். அமெரிக்காவின் மினசோட்டா மாநிலத்தில் உள்ள மினியாபொலிஸ் நகரம் அவர்களின் பெரிய குடியிருப்பாயிற்று. மொகாதிஷுவில் பிறந்து, சிறுமியாகக் கென்ய முகாமில் நான்கு ஆண்டுகள் வாழ்ந்த இல்கான் ஓமர், 2018இல் இம்மாநிலத்திலிருந்தே அமெரிக்க நாடாளுமன்றத்துக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டார்.

பணம் செல்லும் வழி

1991க்குப் பின் சோமாலியாவில் நடுவண் வங்கியோ, அஞ்சலகமோ, இயங்கும் வணிக வங்கியோ இருக்கவில்லை. அந்நிலையில் பணம் அனுப்ப உதவியது ஹவாலா முறையாகும். சோமாலியர் இதனை ஹவிலாட் என்பர். இலங்கைத் தமிழர் உண்டியல் என்று அழைக்கும் முறையும் இதைப் போன்றதே.

இலண்டனில் உள்ள ஒருவர் தம் ஊரிலுள்ள தாய்க்கு 100 டாலர் அனுப்ப விரும்பினால், அருகிலுள்ள முகவரிடம் பணத்தைச் செலுத்துவார். பெறுபவரின் பெயர், ஊர், குலம் ஆகிய விவரங்கள் சோமாலியாவில் உள்ள முகவருக்குத் தெரிவிக்கப்படும். தொடக்கத்தில் இதற்கு வானொலித் தொடர்புக் கருவிகளும், பின்னர் தொலைபேசியும் இணையமும் பயன்பட்டன. அங்குள்ள முகவர் தாயை அழைத்து, அடையாளத்தை உறுதிசெய்து, தம் கையிருப்பிலிருந்து பணத்தைக் கொடுப்பார். அடையாள அட்டை இல்லாத காலத்தில், குலமும் உறவுமுறையும் அறிந்த ஒருவரின் சாட்சியே அடையாளமாக இருந்தது. பணம் உடனுக்குடன் எல்லையைக் கடப்பதில்லை. முகவர்களுக்கு இடையிலான கணக்கு பின்னர் பெரும்பாலும் துபாய் வழியாகத் தீர்க்கப்படும். அங்கு சேரும் பணத்தில் வணிகர்கள் அரிசி, சர்க்கரை, துணி முதலியவற்றை வாங்கிச் சோமாலியாவுக்கு அனுப்புவர். அவற்றை விற்று வரும் பணம் முகவரின் கையிருப்பை நிரப்பும். இவ்வாறு குடும்பத்துக்குச் செல்லும் பணமும் நாட்டுக்கு வரும் உணவுப் பொருளும் ஒரே வழியில் பிணைந்துள்ளன.

2015ஆம் ஆண்டில் இவ்வாறு வந்த தொகையை உலக வங்கி ஏறத்தாழ 140 கோடி டாலர் என மதிப்பிட்டது. இத்தொகை உணவு, வாடகை, பள்ளிக் கட்டணம், மருத்துவம் ஆகியவற்றுக்கே பெரும்பாலும் செலவாகிறது.

படைத் தலையீடுகள்

பஞ்ச நிவாரணத்தைப் பாதுகாக்க 1992 திசம்பரில் அமெரிக்கத் தலைமையிலான படை மொகாதிஷுவில் இறங்கியது. 1993இல் ஐ.நா. படை பொறுப்பேற்றது. இதில் இந்தியாவின் படைப்பிரிவும் பைதோவா பகுதியில் பணியாற்றியது. 1993 சூன் 5 அன்று பாக்கித்தானிய அமைதிப்படையினர் 24 பேர் கொல்லப்பட்டதைத் தொடர்ந்து, ஐதீதைப் பிடிப்பது படையின் நோக்கங்களுள் ஒன்றாயிற்று. அக்டோபர் 3, 4 நாட்களில் நடந்த மொகாதிஷு சண்டையில் அமெரிக்க வீரர்கள் 18 பேரும் நூற்றுக்கணக்கான சோமாலியரும் இறந்தனர். 1994 மார்ச்சில் அமெரிக்கப் படையும், 1995 மார்ச்சில் ஐ.நா. படையும் வெளியேறின.

2006 சூனில் இசுலாமிய நீதிமன்றங்களின் ஒன்றியம் குலப்படைத் தலைவர்களை விரட்டி மொகாதிஷுவைக் கைப்பற்றியது. அதே ஆண்டு திசம்பரில் எத்தியோப்பியா படையெடுத்து அதனை வீழ்த்தியது. அவ்வொன்றியத்தின் தீவிர இளைஞர் பிரிவான அல்-சபாப், அந்நியப் படைக்கு எதிரான போர் என்று கூறி வலுப்பெற்றது. மினியாபொலிசிலிருந்தும் இளைஞர் சிலர் இரகசியமாகச் சென்று அதில் சேர்ந்தனர். இதனால் புலம்பெயர்ந்த சமூகம் முழுவதும் கண்காணிப்புக்கு உள்ளானது. 2007 முதல் ஆப்பிரிக்க ஒன்றியப் படை இடைக்கால அரசைக் காத்தது. 2011 ஆகத்தில் அல்-சபாப் தலைநகரிலிருந்து பின்வாங்கினாலும் ஊரகப் பகுதிகளில் நீடித்தது. 2017 அக்டோபர் 14 அன்று மொகாதிஷுவில் நிகழ்ந்த சரக்குந்துக் குண்டுவெடிப்பில் 500க்கும் மேற்பட்டோர் உயிரிழந்தனர்.

துருக்கி 2011 முதல் நிவாரணம், கட்டுமானம் வழியாக நுழைந்து, 2017இல் மொகாதிஷுவில் படைப்பயிற்சித் தளத்தைத் திறந்தது. ஐக்கிய அரபு அமீரகத்தின் நிறுவனம் பெர்பெரா துறைமுகத்தை நடத்துகிறது.

பணவழியின் மீதான தடைகள்

அமெரிக்காவில் 2001 செப்டம்பர் 11 தாக்குதல் நடந்த இரு மாதங்களுக்குள், நவம்பர் 7 அன்று, அப்போது சோமாலியாவின் மிகப்பெரிய பண அனுப்பீட்டு நிறுவனமாக இருந்த அல்-பராக்காத்தின் சொத்துகளை அமெரிக்க அரசு முடக்கியது. அந்நிறுவனம் தொலைபேசி, இணையச் சேவைகளையும் நடத்திவந்தது. குடும்பங்களுக்கு அனுப்பப்பட்டு வழியில் இருந்த பணமும் சிக்கிக்கொண்டது. அமெரிக்காவின் செப்டம்பர் 11 ஆணையத்தின் ஆய்வாளர்கள் பின்னர் இதனை ஆராய்ந்தபோது, அந்நிறுவனம் பயங்கரவாதத்துக்கு நிதியளித்ததற்கு நேரடிச் சான்று கிடைக்கவில்லை. 2008 செப்டம்பர் 3 அன்று ஐரோப்பிய நீதிமன்றம், சுவீடனில் இருந்த அதன் கிளையின் சொத்துகளை முடக்கிய ஐரோப்பிய ஆணை, தற்காப்பு உரிமையை மறுத்ததாகத் தீர்ப்பளித்தது.

அடுத்த தடை அரசாணையாக வராமல் வங்கிகளின் வழியாக வந்தது. 2012இல் பணச்சலவைக் கட்டுப்பாடுகளை மீறியதற்காக எச்எஸ்பிசி வங்கி அமெரிக்காவில் 190 கோடி டாலர் செலுத்த நேர்ந்தது. அதன் பின், சிறு வருவாய்க்காகப் பெரும் தண்டத்துக்கு ஆளாகும் அபாயத்தை வங்கிகள் தவிர்க்க முற்பட்டன. 2013இல் பிரித்தானியாவின் பார்க்லேசு வங்கி, சோமாலியாவின் முன்னணி அனுப்பீட்டு நிறுவனமான தஹப்சில் உள்ளிட்ட பலவற்றின் கணக்குகளை மூடப்போவதாக அறிவித்தது. சோமாலியாவில் பிறந்த ஓட்டவீரர் மோ பாரா உள்ளிட்டோர் இதனை எதிர்த்துக் குரல் கொடுத்தனர். நீதிமன்றம் இடைக்காலத் தடை விதித்து, கணக்கை மூடும் நாளைத் தள்ளிவைத்தது. 2015 ஏப்ரலில் கென்யாவின் கரிசா பல்கலைக்கழகத்தில் அல்-சபாப் 148 பேரைக் கொன்றபின், கென்ய அரசு சோமாலியப் பண அனுப்பீட்டு நிறுவனங்களின் உரிமங்களைச் சில மாதங்கள் நிறுத்திவைத்தது.

கண்காணிப்பு வேண்டும் என்பதற்குக் காரணம் உண்டு. இவ்வழியில் அல்-சபாப்பிற்குப் பணம் சென்ற நிகழ்வுகள் நீதிமன்றங்களில் மெய்ப்பிக்கப்பட்டுள்ளன. ஆனால் முறைப்படி பதிவான நிறுவனங்கள் மூடப்படும்போது, பணம் கைப்பையில் ரொக்கமாகச் செல்லத் தொடங்குகிறது. அதனைக் கண்காணிப்பது மேலும் கடினம்.

உறவினர் இல்லாதோர்

புலம்பெயர்ந்தோர் பணம் எல்லாரையும் ஒரே அளவில் காப்பதில்லை. 2010 அக்டோபர் முதல் 2012 ஏப்ரல் வரையான பஞ்சத்தில் ஏறத்தாழ 2,60,000 பேர் இறந்ததாக ஐ.நா. உணவு, வேளாண்மை அமைப்பு முன்னின்று வெளியிட்ட ஆய்வு மதிப்பிட்டது. அவர்களுள் பாதிப்பேர் ஐந்து வயதுக்குட்பட்ட குழந்தைகள். ஆற்றுப்படுகையில் வேளாண்மை செய்யும் ரகன்வெய்ன் குலத்தினரும் பாண்டு சிறுபான்மையினருமே அதிகம் பாதிக்கப்பட்டனர். இவர்களில் வெளிநாடு சென்றோர் குறைவு. அல்-சபாப் பல தொண்டு நிறுவனங்களைத் தம் பகுதியிலிருந்து வெளியேற்றியிருந்தது. அமெரிக்கப் பயங்கரவாதத் தடைச் சட்டங்களுக்கு அஞ்சி வேறு சில நிறுவனங்கள் உதவியைக் குறைத்திருந்தன. தொலைபேசியில் அழைத்துப் பணம் கேட்க உறவினர் இருந்த குடும்பங்கள் ஊரைவிட்டு வெளியேறவோ உணவு வாங்கவோ முடிந்தது, மற்றவர்களால் முடியவில்லை.

தற்கால நிலை

2012இல் இடைக்கால அரசியலமைப்பு ஏற்கப்பட்டு, கூட்டாட்சி அரசு அமைந்தது. புலம்பெயர்ந்தோர் பலர் திரும்பி வந்து பதவி வகித்தனர். 2017இல் குடியரசுத் தலைவரான முகமது அப்துல்லாகி முகமது, அதற்கு முன் அமெரிக்காவின் பபலோ நகரில் வசித்து நியூயார்க் மாநிலப் போக்குவரத்துத் துறையில் பணியாற்றியவர். போரைத் தாங்கி நாட்டிலேயே இருந்தோருக்கும் வெளிநாட்டுக் கடவுச்சீட்டுடன் வந்தோருக்கும் இடையே வேலை, நிலம், பதவி ஆகியவற்றில் பூசலும் உண்டு.

2025இல் ஆப்பிரிக்க ஒன்றியப் படை புதிய பெயரில் தன் பணியைத் தொடர்ந்தது. கைப்பேசிப் பணச் சேவை பரவியதால், அனுப்பிய தொகை இன்று சிற்றூரிலும் சில நிமிடங்களில் கிடைக்கிறது. ஆயினும் பணவழியின் மறுமுனை வெளிநாட்டுச் சட்டங்களையே சார்ந்துள்ளது. 2026 சனவரி முதல் அமெரிக்காவிலிருந்து ரொக்கமாகச் செலுத்தி வெளிநாட்டுக்கு அனுப்பும் பணத்துக்கு 1 விழுக்காடு வரி நடைமுறைக்கு வந்துள்ளது. புலம்பெயர்ந்த நாட்டில் பிறந்த இரண்டாம் தலைமுறை, தாம் நேரில் கண்டிராத உறவினருக்குத் தொடர்ந்து பணம் அனுப்புமா என்பதும் இப்பணவழியின் எதிர்காலத்தைத் தீர்மானிக்கும்.