‘செக்‌ஷன் 17ஆ?’
மண்ணும் சட்டமும் – 11

கூடலூர், பந்தலூர் பக்கம் நிலத்தைப் பற்றிப் பேச்செடுத்தால், என்ன விளையும், தண்ணீர் உண்டா என்பதற்கெல்லாம் முன்னால் வரும் கேள்வி இதுதான். ஆமாம் என்றால் பேச்சு அதோடு முடிந்துவிடும். அந்த நிலத்தில் தேயிலை தழைத்திருக்கலாம். அங்கேயே பிறந்து வளர்ந்த பிள்ளைகளுக்குக் கல்யாணம்கூட ஆகியிருக்கலாம். ஆனால் அது தோட்டமா காடா என்பது இன்னும் முடிவாகவில்லை.

நிலம்பூர் கோவிலகம் என்ற அரச குடும்பத்தின் ஜென்மச் சொத்தாக, அதாவது பரம்பரை உடைமையாக, இருந்த மலைச்சரிவுகள் இவை. கோவிலகத்திடம் நீண்டகாலக் குத்தகைக்கு வாங்கித்தான் கம்பெனிகள் தேயிலையும் காபியும் பயிரிட்டன. 1969இல் தமிழக அரசு கூடலூர் ஜென்ம எஸ்டேட் ஒழிப்புச் சட்டத்தைக் கொண்டுவந்தது. அதன்கீழ் வந்தது ஏறத்தாழ 80,000 ஏக்கர். பயிர் செய்தவர்களுக்குப் பட்டா, காடு அரசுக்கு என்று பிரித்தார்கள். குத்தகைத் தோட்டங்களுக்காக எழுதப்பட்டது 17ஆம் பிரிவு. ஜென்மி, அதாவது நில உடைமையாளர், இருந்த இடத்தில் இனி அரசு இருக்கும். பொதுநலன் கருதினால், மூன்று மாதத்துக்குக் குறையாத அவகாசம் கொடுத்து உரிமையை முடித்துக்கொள்ளலாம்.

தோட்டக் கம்பெனிகள் வழக்குக்குப் போயின. 1972இல் பால்மாடிஸ் பிளான்டேஷன்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் சட்டத்தின் பெரும்பகுதியை ஏற்றது. ஆனால், காடுகளை அரசு எடுத்துக்கொள்வதை மட்டும் செல்லாது என்றது. அது நிலச் சீர்திருத்தத்தோடு தொடர்புடையது என்று காட்டப்படவில்லை என்பது காரணம். இரண்டே ஆண்டில், அரசியலமைப்பின் 34ஆவது திருத்தத்தின் மூலம், நாடாளுமன்றம் இந்தச் சட்டத்தை அப்படியே, சட்டங்களை நீதிமன்றச் சவாலிலிருந்து காக்கும் ஒன்பதாவது அட்டவணைக்குள் வைத்துப் பூட்டியது. அந்தப் பூட்டை எதிர்த்த வழக்குதான் ஐ.ஆர். கொய்லோ. 2007 ஜனவரி 11 அன்று ஒன்பது நீதிபதிகள், 1973 ஏப்ரல் 24க்குப் பிறகு அந்த அட்டவணையில் சேர்த்த எந்தச் சட்டத்தையும் அரசியலமைப்பின் அடிப்படைக் கட்டமைப்பை வைத்துச் சோதிக்கலாம் என்று தீர்ப்பளித்தார்கள். சட்டக் கல்லூரி மாணவர்கள் எல்லோரும் படிக்கும் அந்தத் தீர்ப்பின் வேர் கூடலூர் மண்ணில் இருக்கிறது.

இன்னொரு பெரிய வழக்கும் இதே ஊரிலிருந்து போனது. மரங்கள் வெட்டப்படுவதைப் பொறுக்காமல் 1995இல் உச்ச நீதிமன்றத்துக்குப் போன டி.என். கோதவர்மன் திருமுல்பாடு, அதே நிலம்பூர் கோவிலகத்தைச் சேர்ந்தவர். 1996 டிசம்பர் 12 அன்று வந்த உத்தரவு, 1980ஆம் ஆண்டின் வனப் பாதுகாப்புச் சட்டத்துக்குப் புதிய வீச்சைக் கொடுத்தது. அகராதிப் பொருளில் காடாக இருப்பதெல்லாம் காடு. அரசுப் பதிவேட்டில் காடென்று இருந்தால், உடைமையாளர் யாராக இருந்தாலும் காடு. தோட்டங்கள் இனிமேல் காட்டுக்குள் விரியக்கூடாது என்று அதே உத்தரவு தமிழ்நாட்டுக்குச் சொன்னது. ஜென்ம நிலத்தில் வெட்டிய மரங்களை வெளியே எடுக்கவும் விடவில்லை. அந்த உத்தரவு வந்திராவிட்டால் இன்று அங்கே எஞ்சியிருக்கும் சோலைகளில் எத்தனை நின்றிருக்கும்? நான் அந்த உத்தரவின் பக்கம்தான்.

ஆனால் வழக்கு நடத்த வக்கீல் வைத்துக்கொள்ள முடிந்தவர்கள் மட்டும் அங்கே வாழவில்லை. 1964 சாஸ்திரி-சிறிமாவோ ஒப்பந்தத்துக்குப் பின் இலங்கையிலிருந்து தாயகம் திரும்பியவர்கள் இருக்கிறார்கள். கேரளத்திலிருந்து மலையேறி வந்த சிறு விவசாயிகள் இருக்கிறார்கள். எல்லோருக்கும் முன்பிருந்தே பணியரும் காட்டுநாயக்கரும் குறும்பரும் இருக்கிறார்கள். யானை வரும் வழியில் வீடு இருந்தும், மின் இணைப்புக்காக நெடுங்காலம் அலைந்தவர்கள் இவர்களில் ஏராளம். 2006ஆம் ஆண்டின் வன உரிமைச் சட்டம் பழங்குடியினருக்கு ஒரு கதவைத் திறந்தது. மற்றவர்கள் மூன்று தலைமுறை, அதாவது 75 ஆண்டுகள், வனத்தைச் சார்ந்து வாழ்ந்ததைக் காட்ட வேண்டும். இலங்கையிலிருந்து வந்தவர்கள் எந்தக் காலத்தில் அதைக் காட்டுவது?

தோட்டமா காடா என்ற வகைப்பாட்டை முடிக்காமல் இழுப்பது காட்டைக் காப்பதாகாது. முடிவாகாத நிலத்தில்தான் ஆள்பலம் உள்ளவர் இரவோடு இரவாக மரத்தைச் சாய்க்கிறார். அரை ஏக்கரில் பச்சைத் தேயிலை பறிப்பவர் ‘ஆக்கிரமிப்பாளர்’ ஆகிறார். பெரிய எஸ்டேட்டின் குத்தகை வழக்கையும் இந்த அரை ஏக்கரையும் ஒரே பிரிவு எண்ணுக்குள் போட்டு வைத்திருப்பது அநியாயம்.

பக்கத்திலேயே வழி இருக்கிறது. சிகூர் யானை வழித்தடத்தை 2020இல் உறுதிசெய்த உச்ச நீதிமன்றம், நில உரிமையாளர்களின் ஆட்சேபங்களைக் கேட்க ஓய்வுபெற்ற நீதிபதி தலைமையில் குழு அமைத்தது. வழித்தடமும் நின்றது, ஆட்சேபம் சொல்ல ஓர் இடமும் கிடைத்தது. கூடலூருக்கும் அப்படி ஒரு குழு வேண்டும். அது ஊர் ஊராக வந்து உட்கார வேண்டும். சர்வே எண் வாரியாக, சிறு நிலத்தை முதலில் எடுத்து விசாரிக்க வேண்டும். வனத்துறையும் வருவாய்த் துறையும் ஒரே வரைபடத்தோடு அதன்முன் நிற்க வேண்டும். சிகூர் குழுவின் கதை அடுத்த வாரம்.

(தொடரும்)