படிக்கட்டைக் குறுக்கே பிளந்தவர்

செர்கேய் கோஸ்லோவ்ஸ்கி (1885–1962)
திரைப்படக் கலை இயக்குநர், மாஸ்கோ

இந்தக் குடியிருப்புக்கு முன்சுவர் கிடையாது. இடிந்து விழவில்லை, கட்டவே இல்லை. போரிஸ் பார்னெட் இயக்கிய ‘துருப்னயா சதுக்கத்து வீடு’ (1928) என்ற மௌனப் படத்துக்காகக் கோஸ்லோவ்ஸ்கி அமைத்த அரங்கு இது. பழத்தை இரண்டாக அரிந்ததுபோல மாடிப்படிகள் மொத்தமும் கண்ணுக்குத் தெரிகின்றன. விடிகாலையில் கேமரா தளம் தளமாக மேலே ஏற, ஒருவர் படியிலேயே விறகு பிளக்கிறார், இன்னொருவர் கம்பளத்தைத் தட்டுகிறார். வீட்டு நெருக்கடியில் தவித்த அன்றைய மாஸ்கோவைச் சொல்ல வசன அட்டையே தேவைப்படவில்லை.

இவர் பெயரை அதிகம் பேர் அறியார். ‘அயெலீட்டா’ (1924) படம் என்றதும் எல்லோரும் செவ்வாய்க் கிரகத்தையும் அலெக்சாந்திரா எக்ஸ்டரின் விசித்திர உடைகளையுமே நினைக்கிறார்கள். அந்தப் படத்தின் கலைப் பணியிலும் இவர் கை உண்டு. மெஷ்ராப்போம் படப்பிடிப்பு நிலையத்தில் இயக்குநர் புதோவ்கினுக்கு ‘தாய்’ (1926), ‘செயின்ட் பீட்டர்ஸ்பர்க்கின் முடிவு’ (1927) ஆகிய படங்களையும் வடிவமைத்தார்.

மரமும் ஆணியும் தட்டுப்பாடாக இருந்த காலம் அது. சுவர்ப் பலகை, கதவு, சன்னல் எல்லாவற்றையும் நிலையான அளவுகளில் செய்து, கழற்றி, அடுத்த படத்துக்கு வேறு விதமாகப் பூட்டும் முறையைக் கோஸ்லோவ்ஸ்கி வளர்த்தெடுத்தார். ‘ஃபுந்துஸ்’ என்பது அதன் பெயர். நேற்றைய ஏழைத் தொழிலாளியின் கதவு நாளை அதிகாரியின் அறைக்குப் போகலாம், பார்ப்பவருக்குத் தெரியாது.