பதினாறு பின்னிலிருந்து ஆயிரத்து எழுநூறுக்கு

1971இல் இன்டெல் வெளியிட்ட 4004 பிராசஸருக்கு மொத்தமே 16 பின்கள். உள்ளே 2,300 டிரான்சிஸ்டர்கள். வெளியே தகவல் போய்வர நான்கே தடங்கள் இருந்ததால், 12 பிட் முகவரியை மூன்று தவணையாகத்தான் அனுப்ப முடிந்தது. 2022இல் ஏஎம்டி கொண்டுவந்த ஏஎம்5 சாக்கெட்டில் 1,718 தொடுமுனைகள். பிராசஸர்களின் வளர்ச்சியைப் பேசுகிறவர்கள் டிரான்சிஸ்டர் கணக்கையும் கிகாஹெர்ட்ஸையும்தான் சொல்வார்கள். பின்கள் ஏன் இவ்வளவு பெருகின என்று பார்த்தால் இன்னும் நிறைய விளங்கும்.

முதல் காரணம் மின்சாரம். இன்றைய பிராசஸரின் கோர்கள் சுமார் 1.2 வோல்ட்டில் ஓடுகின்றன. அந்த அழுத்தத்தில் 120 வாட் வேண்டுமென்றால் 100 ஆம்பியர் மின்னோட்டம் பாய வேண்டும். வீட்டில் ஒன்றரை டன் ஏசி ஓடும்போதுகூட பத்து ஆம்பியரைத் தாண்டுவதில்லை. மெல்லிய பின் ஒன்று கொஞ்சம் மின்னோட்டத்தைத்தான் தாங்கும். அதனால் வேலையை நூற்றுக்கணக்கான பின்களுக்குப் பிரித்துக் கொடுக்கிறார்கள். சாக்கெட்டில் ஏறத்தாழ பாதிப் பின்கள் மின்சாரம் உள்ளே வருவதற்கும் திரும்பிப் போவதற்குமே செலவாகின்றன.

பின்கள் கூடக் கூட, பிராசஸரைப் பொருத்துவதே சிக்கலானது. 168 பின் கொண்ட 486ஐச் சாதாரண சாக்கெட்டில் அழுத்திப் பொருத்தும்போது மதர்போர்டே வளையும். பக்கவாட்டில் ஒரு நெம்புகோலை வைத்த சாக்கெட் வந்தபிறகுதான் இந்தத் தொல்லை தீர்ந்தது. நெம்புகோலைத் தூக்கினால் துளைகளின் பிடி தளரும். பிராசஸர் தன் எடையிலேயே உள்ளே இறங்கும். நெம்புகோலை இறக்கினால் எல்லாப் பின்களும் ஒரே நேரத்தில் இறுகும்.

அந்த வகையில் வந்த சாக்கெட் 7 எனக்கு மிகவும் பிடித்தது. அதன் 321 துளைகளில் இன்டெலின் பென்டியம், ஏஎம்டியின் கே6, சைரிக்ஸின் 6எக்ஸ்86 ஆகிய மூன்றையும் பொருத்தலாம். இன்டெலும் ஏஎம்டியும் ஒரே மதர்போர்டைப் பகிர்ந்துகொண்ட அந்தக் காலம் பிறகு திரும்பவில்லை. 1997இல் பென்டியம் 2ஐ இன்டெல் ஒரு அட்டையில் வைத்து, ஸ்லாட் 1 என்ற நீண்ட செருகியில் செங்குத்தாக நிறுத்தியது. கேஷ் நினைவகம் அப்போது தனிச் சில்லாக இருந்தது. அதையும் பிராசஸரையும் அடுத்தடுத்து வைக்க அட்டை தேவைப்பட்டது. அந்தச் செருகியின் பஸ், அதாவது தகவல் போய்வரும் தடம், இன்டெலின் காப்புரிமைக்கு உட்பட்டது என்பதால் ஏஎம்டி தன் அத்லானுக்கு ஸ்லாட் ஏ என்று தனிவழி போனது. சில ஆண்டுகளிலேயே கேஷ் பிராசஸருக்குள் குடியேற, இரு நிறுவனங்களும் தட்டையான சாக்கெட்டுக்குத் திரும்பின.

அடுத்து உள்ளே போனது ரேமைக் கட்டுப்படுத்தும் பகுதி; பின்கள் பெருக இது இரண்டாவது காரணம். அதுவரை மதர்போர்டில் தனிச் சில்லில் இருந்த அதை 2003இல் அத்லான் 64 தன்னுள் சேர்த்துக்கொண்டது. இன்டெல் 2008இல் அதையே செய்தபோது 775 தொடுமுனை ஒரே தாவலில் 1,366 ஆனது. ரேமுக்கான கம்பிகள் அத்தனையும் இப்போது பிராசஸரிலிருந்தே புறப்பட வேண்டும். ரேமின் தலைமுறை மாறினால் சாக்கெட்டும் பெரும்பாலும் மாறுவதற்குக் காரணம் இதுதான்.

அந்த 775ஐ இன்டெல் 2004இல் கொண்டுவந்தபோது இன்னொரு மாற்றமும் நடந்தது. பின்கள் பிராசஸரை விட்டு மதர்போர்டுக்கு இடம் மாறின. பிராசஸரின் அடியில் தங்கமுலாம் பூசிய தட்டைப் புள்ளிகள் மட்டும். சாக்கெட்டுக்குள் சாய்ந்து நிற்கும் மெல்லிய வில் முனைகள். இந்த வகை போர்டு வாங்கினால் பிளாஸ்டிக் மூடியைக் கடைசி நிமிடம்வரை கழற்றாதீர்கள். பிராசஸரின் மூலையிலுள்ள சிறு முக்கோணக் குறியைச் சாக்கெட்டின் குறியோடு பொருத்தி, விரலால் தள்ளாமல் மெதுவாக வையுங்கள். பிராசஸரில் வளைந்த பின்னைப் பொறுமையாக நிமிர்த்திவிடலாம். சாக்கெட்டுக்குள் வளைந்ததை நிமிர்த்துவது பெரும்பாடு.

சாக்கெட் மாற்றம் எல்லாமே தொழில்நுட்பக் கட்டாயம் என்று சொல்லிவிட முடியாது. 2015இல் வந்த எல்ஜிஏ 1151 சாக்கெட்டை இன்டெல் 2017இலும் பயன்படுத்தியது. அதே அளவு, அதே எண்ணிக்கை. ஆனால் எட்டாம் தலைமுறை பிராசஸர் பழைய போர்டில் ஓடாது. ஒதுக்கி வைத்திருந்த சில பின்களை மின்சாரத்துக்கு மாற்றியதைக் காரணமாகச் சொன்னார்கள். ஆர்வலர்கள் சிலர் போர்டின் பயாஸ் மென்பொருளைத் திருத்தி, பழைய போர்டிலேயே அதை ஓட்டிக் காட்டினார்கள். பணம் கொடுத்துப் போர்டு வாங்கியவர்களின் கோபம் நியாயமானது என்றே கருதுகிறேன்.

ஏஎம்டியின் ஏஎம்4 இதற்கு நேர்மாறு. 2017இல் முதல் ரைசன் பிராசஸருக்காக வாங்கிய போர்டுகள் பலவற்றில், பயாஸைப் புதுப்பித்தபிறகு, 2022இல் வந்த 5800எக்ஸ்3டியைப் பொருத்த முடிந்தது. அதுவும் எளிதாகக் கிடைத்துவிடவில்லை: 400 வரிசை போர்டுகளில் 5000 வரிசை பிராசஸர் ஓடாது என்று 2020இல் ஏஎம்டி முதலில் அறிவித்தது. பயனர்களின் எதிர்ப்புக்குப் பிறகே அந்த முடிவு மாறியது. ஆகவே, போர்டில் சாக்கெட்டின் பெயர் ஒத்துப்போகிறதா என்று பார்ப்பதோடு நிறுத்திவிடாமல், போர்டு நிறுவனம் தரும் பிராசஸர் பட்டியலையும், அதில் எந்தப் பயாஸ் பதிப்பு கேட்கப்பட்டிருக்கிறது என்பதையும் வாங்குவதற்கு முன்பே பார்த்துவிடுங்கள்.